அரச மரத்தில் இறங்கும் கூட்டம்: மைனா போல இருக்கிறது, மைனா இல்லை. இது எந்தப் பறவை?

மாடிவாசி (தண்டையார்பேட்டை) கேட்டது:

வணக்கம். கொருக்குப்பேட்டை சரக்கு ரயில் யார்டுக்கு அருகே ஒரு மூன்று மாடிக் கட்டடத்தில் குடியிருக்கிறேன். எங்கள் மொட்டை மாடியின் கைப்பிடிச் சுவருக்கு எதிரே, கையை நீட்டினால் இலை எட்டும் தொலைவில், ஒரு பழைய அரச மரம் நிற்கிறது. போகிப் புகை அடங்கிய மறுநாளிலிருந்து, காலை ஆறரை மணியளவில் அதில் ஒரு பறவைக் கூட்டம் இறங்குகிறது. எப்படிப் பார்த்தாலும் நூறுக்குக் குறையாது.

காகம், மைனா, குயில், கொண்டைக்குருவி எல்லாம் எனக்குத் தெரிந்தவைதாம். இவை அவற்றில் எதுவும் இல்லை. அளவில் மைனாவைவிடச் சற்றுச் சிறியவை. சிலவற்றுக்குத் தலையும் இறக்கையும் வாலும் கறுப்பு. முதுகும் வயிறும் பலமுறை துவைத்து வெளுத்துப்போன ரோஸ் சட்டையின் நிறம். ஆனால் கூட்டத்தில் பெரும்பாலானவை வெறும் மண் நிறத்தில், அலகின் அடிப்பகுதி மட்டும் மஞ்சளாக இருக்கின்றன. இரண்டு வகையும் ஒன்றாகவே வந்து ஒன்றாகவே கிளம்புகின்றன. இவை இரு வேறு இனங்களா, அல்லது ஆணும் பெண்ணுமா? சத்தத்தைப் பாட்டு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. காசிமேட்டில் விடியற்காலை மீன் ஏலத்தின்போது எல்லோரும் ஒரே நேரத்தில் விலை கூவுவது போல இருக்கிறது.

இன்னொரு சந்தேகம். ஒரு மண் சட்டியில் சர்க்கரைத் தண்ணீர் கரைத்து வைத்தேன். ஒன்றிரண்டு பறவைகள் வாய் வைத்துவிட்டுப் போயின. பிறகு எதுவும் கிட்டே வரவில்லை. பழம் தின்னும் பறவைக்கு இனிப்பு ஏன் பிடிக்காமல் போகிறது?

கழிமுகத்தான் (எண்ணூர்) எழுதியது:

கறுப்புத் தலை என்று சொல்வதால் இது கருங்கொண்டை நாகணவாயாக இருக்கலாம் என்று எனக்குத் தோன்றுகிறது. எங்கள் பக்கம் அனல்மின் நிலையச் சுற்றுச்சுவர் ஓரமாக ஆண்டு முழுவதும் அதைப் பார்க்கிறோம். இருந்தாலும், நூறு பறவைகள் ஒரே மரத்தில் என்பது அதன் வழக்கத்துக்குச் சற்று மிகை. விவரம் தெரிந்தவர்கள் சொல்லட்டும்.

தொலைநோக்கி (பெரம்பூர்) எழுதியது:

கழிமுகத்தார் ஐயப்பட்ட இடம்தான் இங்கே திறவுகோல். கருங்கொண்டை நாகணவாய்க்கு உச்சந்தலை மட்டுமே கறுப்பு. கன்னமும் மார்பும் வயிறும் வெளிர் ஆரஞ்சு, முதுகும் இறக்கையும் சாம்பல். அது பெரும்பாலும் இணையாகவோ, சிறு குழுவாகவோதான் மேயும். நீங்கள் பார்த்தது சூறைக்குருவி. சோளக்குருவி என்றும் சொல்வார்கள்; முற்றிய சோளக் கதிரில் கூட்டமாக இறங்கி உழவர்களிடம் வாங்கிய பெயர் அது. மைனாவைப் போலவே இதுவும் நாகணவாய்க் குடும்பத்தைச் சேர்ந்ததுதான் என்பதால் மைனா போலத் தெரிந்ததில் பிழையில்லை. மைனாவுக்குக் கண்ணைச் சுற்றியுள்ள மஞ்சள் தோலும், பறக்கும்போது இறக்கையில் பளிச்சிடும் வெள்ளைத் திட்டும் இதற்குக் கிடையா.

மண் நிறப் பறவைகள் வேறு இனமும் அல்ல, பெண்களும் அல்ல. சென்ற மே, ஜூன் மாதங்களில் முட்டையிலிருந்து வெளிவந்த இளம்பறவைகள். ஆணும் பெண்ணும் ஏறத்தாழ ஒரே தோற்றம்தான். பெண்ணின் கொண்டை சற்றுக் குட்டை, நிறம் சற்று மங்கல். இளம்பறவையைத் தனியாகக் காட்டினால் அனுபவசாலிகளே தடுமாறுவார்கள். ஆகவே இந்தப் பறவையை அடையாளம் காணும்போது நான் நிறத்தை இரண்டாவதாகத்தான் பார்ப்பேன். கூட்டத்தின் நடத்தையை முதலில் பாருங்கள்: நெருக்கமாக, ஒரே உடல் போலத் திரும்பிப் பறந்து வரும், மரத்தில் விழுந்ததும் ஓயாமல் கீச்சிட்டுக்கொண்டே ஒன்றன் தலைக்கு மேல் இன்னொன்று தாவித் தின்னும், காரணமே தெரியாமல் சட்டென்று அமைதியாகி மொத்தமாக எழும். காரணம் பல சமயம் மேலே வட்டமிடும் வல்லூறு.

நீங்கள் சொன்ன 'வெளுத்த ரோஸ் சட்டை' மிகச் சரியான உவமை, ஆனால் நடப்பது தலைகீழ். மழைக்காலம் முடிந்து முளைத்த புது இறகின் ஓரத்தில் மங்கிய பழுப்பு விளிம்பு ஒன்று இருக்கும். அது உள்ளே இருக்கும் நிறத்தை மூடிக்கொண்டிருக்கிறது. மாதங்கள் செல்லச் செல்ல அந்த விளிம்பு தேய்ந்து உதிர்வதால், புதிய இறகு முளைக்காமலேயே கறுப்பு மினுங்கத் தொடங்கும், ரோஸ் நிறமும் தெளியும். சட்டை தேயத் தேயப் புதிதாகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இவை நம் ஊரில் கூடு கட்டுவதில்லை. கஜகஸ்தான் முதலான மத்திய ஆசியப் புல்வெளிகளிலும், அங்கிருந்து மேற்கே தென்கிழக்கு ஐரோப்பா வரையிலும், கற்குவியல்களின் இடுக்குகளில் ஆயிரக்கணக்காகச் சேர்ந்து கூடமைக்கின்றன. அங்கே இவற்றின் உணவு பெரும்பாலும் வெட்டுக்கிளி. வெட்டுக்கிளி பெருகும் ஆண்டில் பறவைகளும் பெருந்திரளாக வந்து சேரும் என்பதால், சீனாவின் சின்ஜியாங் பகுதியில் இவற்றுக்கென்றே கல்லும் செங்கல்லும் அடுக்கிக் கூட்டிடம் அமைத்துக் கொடுத்துப் பயிரைக் காக்கிறார்கள். அங்கே காவல்காரன், இங்கே கதிர்க் கொள்ளைக்காரன்! குஞ்சுகள் பறக்கத் தொடங்கியதும் நேரத்தை வீணாக்காமல் கிளம்பிவிடும். ஜூலை, ஆகஸ்டிலேயே முதல் கூட்டங்கள் வடமேற்கு இந்தியாவுக்குள் வந்துவிடும், திரும்புவது ஏப்ரல் வாக்கில். கணக்குப் போட்டால், பிறந்த மண்ணில் இருப்பதைவிட இந்தியாவில் இருக்கும் மாதங்களே அதிகம். நம்மிடம் வந்தபின் பழம், தானியம், பூந்தேன், கிடைத்தால் பூச்சி.

பழத்துக்கும் கூட்டத்துக்கும் தொடர்பு உண்டு. அரச மரம் காய்த்தால் ஒரே சமயத்தில் ஆயிரக்கணக்கில் பழுக்கும். அடுத்த மரம் எப்போது, எங்கே பழுக்கும் என்பதற்கு நாள்காட்டி கிடையாது. தனியாக அலைவதைவிட நூறு கண்களோடு தேடினால் மரம் சீக்கிரம் அகப்படும். மேலும், பழுத்த மரத்தைத் தன் சொத்தாக்கிக்கொண்டு மற்றப் பறவைகளை விரட்டும் வழக்கம் குயிலுக்கு உண்டு. ஒரு பறவையை அது விரட்டிவிடும். நூற்றை என்ன செய்யும்?

சர்க்கரைத் தண்ணீருக்கு வருகிறேன். நாம் காப்பியில் போடும் சர்க்கரை சுக்ரோஸ். அதை உடைக்கும் நொதி நாகணவாய்க் குடும்பத்தின் குடலில் இல்லை. இவற்றால் செரிக்க முடிவது குளுக்கோஸும் ஃபிரக்டோஸும்தான். சுக்ரோஸ் உள்ளே போனால் செரிக்காமல் வயிற்றுப்போக்கு ஏற்படும். ஓரிரு முறை பட்டபின் பறவை அதை ஒதுக்கக் கற்றுக்கொள்ளும். உங்கள் விருந்தாளிகள் நாகரிகமாகத்தான் மறுத்திருக்கிறார்கள். வெல்லமும் பெரும்பகுதி சுக்ரோஸ்தான். அதையும் வைக்க வேண்டாம். வெறும் தண்ணீர் வையுங்கள், குடிக்கவும் குளிக்கவும் வரும்.

பாட்டு விஷயத்தில் ஒரு சொல். 'பாடும் பறவை' என்பது இனிமைக்குத் தரப்படும் பட்டம் அன்று. குரல் உறுப்பின் அமைப்பைக் கொண்டு வகுத்த பிரிவு. உங்கள் மாடிக் காகமும் அந்தப் பிரிவில்தான் இருக்கிறது.

பூவரசு (திருவொற்றியூர்) எழுதியது:

தொலைநோக்கியார் பழத்தைப் பற்றி எழுதினார். நான் எச்சத்தைப் பற்றி எழுதுகிறேன், ஏனென்றால் எங்கள் தெருவில் சண்டையே அதனால்தான். மரத்தடியில் நிறுத்திய வண்டிகளெல்லாம் கருநீலப் புள்ளி விழுந்து கிடக்கின்றன என்று ஒருவர் கிளையை வெட்டக் கிளம்பினார். ஒரு பழைய தார்ப்பாயை மூடிவிட்டுச் சில வாரம் பொறுங்கள், பழம் தீர்ந்தால் பறவையும் போய்விடும் என்று சொல்லிச் சொல்லித்தான் அவரை நிறுத்தி வைத்தோம்.

ஒருநாள் காய்ந்த எச்சத்தை ஈரத் துணியால் துடைத்தபோது உற்றுப் பார்த்தேன். கடுகைவிடச் சிறிய மஞ்சள் விதைகள் பத்துப் பதினைந்து, பசை போன்ற எதிலோ ஒட்டியிருந்தன. நம் கைப்பிடிச் சுவர் விரிசலிலும், மழைநீர்க் குழாய் மூட்டிலும் யாரும் நடாத அரசங்கன்று முளைக்கிறதே, அது இப்படி வந்ததுதான். சூறைக்குருவி மட்டும் அல்ல, குயிலும் மைனாவும் கொண்டைக்குருவியும் இதில் கூட்டாளிகள். மாடிவாசி அவர்களே, உங்கள் சுவரிலும் தேடிப் பாருங்கள். விரல் நீளம் இருக்கும்போதே வேரோடு பிடுங்கிவிட வேண்டும். வேர் பருத்தபின் செங்கல்லும் கூடவே வரும்.

அருகில் கல்யாண முருங்கை இருந்தால், பூக்கும் காலத்தில் அங்கும் இவற்றைப் பார்க்கலாம். செம்பூவுக்குள் முகத்தை விட்டுத் தேன் குடித்துவிட்டு நிமிரும்போது நெற்றியெல்லாம் மகரந்தம் அப்பியிருக்கும். புதிதாகப் பார்ப்பவர் மஞ்சள் நெற்றிப் பறவை என்று வேறோர் இனமாகவே எழுதிவிடுவார்.

மாடிவாசி (தண்டையார்பேட்டை) எழுதியது:

மூவருக்கும் நன்றி. சட்டியைக் கழுவி வெறும் தண்ணீர் ஊற்றி வைத்தேன். இரண்டாம் நாளே ஏழெட்டுப் பறவைகள் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு குளித்ததில் பாதித் தண்ணீர் சுவரில்தான் இருந்தது. பூவரசு அம்மா சொன்னது போலத் தேடினேன். தண்ணீர்த் தொட்டியின் அடியில் இரண்டு கன்றுகள் கிடைத்தன.

ஞாயிற்றுக்கிழமை, கூட்டம் எழும்போது பத்துப் பத்தாகக் கணக்கிட்டுப் பார்த்தேன்: ஏறத்தாழ நூற்று நாற்பது. அவற்றில் ரோஸ் நிறம் ஐந்தில் ஒன்றுகூட இராது. சட்டிக்கு வந்த மண் நிறப் பறவை ஒன்றைப் பத்தடியில் நிதானமாகப் பார்க்க முடிந்தது. மார்பில் மை சிந்தியது போல இரண்டு கறுப்புத் திட்டுகள், முதுகில் விரல் நகம் அளவுக்கு ஒரு ரோஸ் இறகு. முதல் நாள் பார்த்திருந்தால் இதை மூன்றாவது இனம் என்று எழுதியிருப்பேன்.

தொலைநோக்கி (பெரம்பூர்) எழுதியது:

அருமை. அந்தத் திட்டுகள் இளம்பறவை தன் முதல் இறகை உதிர்த்து, பெரிய பறவையின் உடையை அணியத் தொடங்கியிருப்பதன் அடையாளம். குளிர்காலத்தை இங்கே கழிக்கும்போதுதான் அந்த மாற்றம் நடக்கிறது. இன்றைய தேதியோடு எண்ணிக்கையைக் குறித்து வையுங்கள். அரச மரத்தில் பழம் தீர்ந்தபின் யார்டு ஓரத்தில் வேறு எதில் இறங்குகின்றன என்று தெரிந்தால் இதே இழையில் எழுதுங்கள். மாலை நான்கரை மணிக்கு மேல், அடைவதற்கு முன் கூட்டங்கள் ஒன்றுசேரும்போது, தெற்கே பார்த்த மாடியிலிருந்து நான் கவனித்துக்கொண்டிருப்பேன்; உங்கள் நூற்று நாற்பதும் என் தலைக்கு மேல்தான் போகின்றனவோ என்னவோ.