பயணம், காடு பத்தி நல்ல புக் சொல்லுங்க

பினாங்குல இருக்கோம். தம்பிக்கு வயசு 15, பினாங்கு ஹில்ல லோத்தோங் குரங்கு கூட்டத்த கிட்டக்க பார்த்ததுலேர்ந்து எந்நேரமும் காடு காடுன்னே பேசுறான், படிக்க என்ன வாங்கித் தரலாம்?

பதில் 1: மா. கிருஷ்ணனோட 'மழைக்காலமும் குயிலோசையும்' வாங்குங்கக்கா. காகம் குருவியக் கூட நின்னு பார்க்க வைக்கிற எழுத்து அது.

பதில் 2: இங்கிலீஷ் ஓகேன்னா இயற்கை ஆய்வாளர் வாலஸ் 1869ல வெளியிட்ட 'மலாய் ஆர்க்கிபெலகோ' கண்டிப்பா குடுங்க, நம்ம லேடாங் மலை ஏறினத எழுதியிருக்காரு, யானை காண்டாமிருகம் வந்துருமோன்னு ராத்திரி நெருப்பு போட்டு வச்சிருந்தாங்களாம், கூட வந்த ரெண்டு பேரு காண்டாமிருகத்த பார்த்தேன்னே சொன்னாங்களாம். அந்த இடம் மட்டும் நான் திரும்பத் திரும்பப் படிப்பேன்.

பதில் 3: பயணக் கட்டுரை எழுதின ஏ.கே. செட்டியாரையும் விட்டுறாதீங்க, காந்தி டாக்குமெண்டரிக்காக நாடு நாடா அலைஞ்ச மனுஷன், தமிழும் ரொம்ப எளிமை.