நடையால் எப்படி நடக்கும்? கற்பனை உலகத்து ஆலமரம் குறித்து ஒரு விவாதம்

ஏழ்கரையான்:
ஏழ்கரை என்ற கற்பனை உலகத்தின் அதிசயம் இது. அங்கே ஒரே ஒரு ஆலமரம், பெயர் நடையால். தாய்மரம் என்றோ செத்துவிட்டது, விழுதுகள்தான் மிச்சம். முன்பக்கம் விழுது இறக்கிக்கொண்டே, பின்பக்கம் உளுத்து விழ விழ, ஆண்டுக்கு 1 கிலோமீட்டர் தெற்கே நகர்கிறது. நிழலில் ஒன்பது ஊர்கள், மரத்தோடு இடம்பெயரும். ஏன் தெற்கு என்று யாருக்கும் தெரியாது. குறை இருந்தால் சொல்லுங்கள்.

விழுதூன்றி:
தாய்மரம் இல்லாமல் வாழ்வதில் குறையே இல்லை. ஹவுரா தாவரவியல் பூங்கா ஆலமரத்தின் நடுத்தண்டைப் பூஞ்சை அரித்ததால் 1925-ல் வெட்டி எடுத்தார்கள். மூவாயிரத்துக்கும் மேற்பட்ட விழுதுகளில் அது இன்றும் நிற்கிறது. அடையாறு ஆலமரத்தின் தாய்த்தண்டும் 1989-ல் புயலில் சாய்ந்தது.

இடிப்பது வேகம்தான். கிளை 8 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, விழுது நாளுக்கு 1 செ.மீ. இறங்குகிறது என்று வைத்துக்கொள்வோம். தரை தொடவே 800 நாள். தொட்டபின் இறுகி விறைத்து, பருத்துத் தூணாகப் பத்து ஆண்டாவது கொடுங்கள். அதன் பிறகுதான் கிளை இன்னொரு 5 மீட்டர் நீள முடியும். ஓர் எட்டு வைக்கப் பன்னிரண்டு ஆண்டு. நூறு ஆண்டுக்கு 40 மீட்டர்தான் வரும்.

கதைத்தறி:
அதிசயத்தைச் செ.மீட்டரில் அளக்க ஆரம்பித்தால் அது தோட்டக்கலைக் கையேடு ஆகிவிடும். கற்பனை உலகம்தானே, வேகமாக வளரட்டும். வாசகருக்கு வேண்டியது மலைப்பு.

விழுதூன்றி:
ஆண்டுக்கு 1 கிலோமீட்டர் என்றால் நாளுக்கு 2.7 மீட்டர். நான்கு மாத நெல் அறுப்புக்கு வருவதற்குள் மரம் 300 மீட்டர் தாண்டிப் போயிருக்கும். ஒன்பது ஊர் எங்கே குடியிருப்பது? மெதுவாக நடக்கும் மரம்தான் மலைக்க வைக்கும். ஒரு ஆயுளுக்கு ஒரு தெரு அகலம் நகர்கிறது. பாட்டி நிழலில் நட்ட எல்லைக்கல் பேத்தி காலத்தில் வெயிலில் நிற்கிறது. நடப்பதை யாரும் பார்த்ததில்லை, ஆனால் எல்லோருக்கும் தெரியும்.

ஏழ்கரையான்:
எல்லைக்கல்லை எடுத்துக்கொள்கிறேன். வேகத்தையும் விட்டுவிடுகிறேன்.

மண்வெட்டி:
ஊர்க்காரர்கள் சும்மா வேடிக்கை பார்ப்பார்களா? விழுது இறக்குவது ஒரு தொழிலாக இருக்க வேண்டும். மேகாலயாவில் குடைந்த பாக்குமரத் தண்டுக்குள் அத்தி இனத்து வேரைச் செலுத்தித்தான் வேர்ப்பாலம் வளர்க்கிறார்கள், ஆள் நடக்கும் பலம் வரப் பல ஆண்டுகள் பிடிக்கும். இங்கே மூங்கில் போதும். மழை தொடங்கும்போது நுனி வெளிறிய இளம் விழுதாகப் பார்க்க வேண்டும். மூங்கிலை நீளவாக்கில் பிளந்து, கணுத்தடுப்புகளைச் செதுக்கி, ஈரமண்ணும் தேங்காய் நாரும் அடைத்து, விழுதை உள்ளே விட்டுச் சேர்த்துக் கட்ட வேண்டும். கீழே முழங்கால் ஆழக் குழி, பொலபொலப்பான மண், சுற்றிலும் முள்வேலி.

கெடுவது மூன்று வழியில். ஒரு கணுத்தடுப்பை விட்டுவிட்டால் வேர் அங்கேயே சுருண்டுவிடும். ஈரம் காய்ந்தால் நுனி கருகும், பக்கவேர் பிரிந்து ஒன்றும் தடிக்காது. வேலியில் சந்து இருந்தால் ஆடு நுனியைக் கடித்துவிடும்.

ஏழ்கரையான்:
அப்படியானால் திசையை முடிவு செய்வது மனிதர்கள். மரம் நடக்கவில்லை, நடத்துகிறார்கள். இதற்கு நான் சம்மதிக்க மாட்டேன்.

மண்வெட்டி:
மரம் எல்லாப் பக்கமும் விழுது விடுகிறது. வடக்கே இறக்கியது மட்டும் நிலைப்பதில்லை என்று வையுங்கள். அனுபவத்தில் தெற்கே மட்டும் இறக்கப் பழகியிருப்பார்கள்.

விழுதூன்றி:
அதைத்தான் கேட்க நினைத்தேன். பின்பக்கத் தூண்கள் ஏன் சாகின்றன? ஒவ்வொன்றுக்கும் சொந்த வேர் உண்டு, முன்னால் புதிது வந்ததற்காகப் பழையது சாகாது. மரத்தை உளுக்கும் பூஞ்சை வடக்கிலிருந்து மண்வழியே வருகிறது என்று வைத்தால் எல்லாம் பொருந்துகிறது. நடையால் தெற்கே போகவில்லை, வடக்கை விட்டு ஓடுகிறது.

இன்னொன்று. ஒரே மரம் என்றால் ஆலங்காய்க்குள் புகுந்து முட்டையிட்டு மகரந்தம் சேர்க்கும் சிறு குளவி பிழைக்காது. ஒரு மரத்துக் காய்கள் பெரும்பாலும் ஒரே சமயத்தில் முதிரும், வெளியேறும் குளவிக்கு ஆயுள் ஓரிரு நாள்தான். அதற்குள் இளங்காய் உள்ள வேறு மரம் வேண்டும். ஆகவே நடையாலின் நான்கு பக்கமும் வெவ்வேறு மாதத்தில் காய்க்கட்டும்.

கதைத்தறி:
குளவி சரி. பூஞ்சையைச் சொன்னால் கதை செத்தது. ஏன் தெற்கு என்ற கேள்விதான் அந்த ஒன்பது ஊரையும் கட்டி வைத்திருக்கிறது.

விழுதூன்றி:
பூஞ்சை இருக்கட்டும், காரணம் என்று ஒரு வரி கூட வேண்டாம். வாசகர் கண்டுபிடித்தால் சரி.

ஏழ்கரையான்:
வடக்கோரத் தூண்களில் முளைக்கும் காளானைத் திருவிழாவில் சமைத்து உண்கிறார்கள் என்று வைக்கலாமா?

விழுதூன்றி:
சமைக்க முடியாது. மரத்தை உளுக்கும் பூஞ்சை பலவும் தட்டுத் தட்டாகப் புடைத்து வரும், கட்டைபோல் கெட்டி. ஆனால் அப்படிச் சில காளான்களைக் காயவைத்தால் கனல் அணையாமல் மணிக்கணக்கில் புகைந்துகொண்டே இருக்கும். பழங்காலத்தில் நெருப்புச் சுமக்க அவை உதவியிருக்கின்றன.

மண்வெட்டி:
அப்படியானால் ஊர் பெயரும்போது பழைய அடுப்பின் நெருப்பை அந்தக் காளானில்தான் கொண்டுபோவார்கள். போதாததற்குப் புதிதாகப் பறித்தவையும் ஒரு கூடை. பச்சைக் காளான் என்றால் அடிப்பக்கம் வித்துத்தூள் கொட்டும்.

கதைத்தறி:
கொட்டிக்கொண்டே தெற்கே போகிறார்கள். இதை எழுதுங்கள், ஏழ்கரையான். நான் எதிர்த்ததைத் திரும்பப் பெறுகிறேன்.