பழைய தொலைக்காட்சி சாமானியர்களை மதித்ததா?

அகல்விளக்கு எழுதியது:
'வாட்ஸ் மை லைன்?' என்ற தொழில் கண்டுபிடிக்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சியின் பழைய பகுதிகளை யூடியூபில் பார்த்துவருகிறேன். 1950 முதல் 1967 வரை அமெரிக்காவின் சி.பி.எஸ். தொலைக்காட்சி ஒளிபரப்பியது. விருந்தினர் உள்ளே வந்ததும் கரும்பலகையில் தன் பெயரைச் சாக்பீஸால் எழுதுவார். நால்வர் குழு கேள்வி கேட்டு அவருடைய தொழிலைக் கண்டுபிடிக்க வேண்டும். 'இல்லை' என்ற ஒவ்வொரு பதிலுக்கும் விருந்தினருக்கு 5 டாலர். பத்து 'இல்லை' வந்துவிட்டால் 50 டாலரோடு வெற்றி. எளிய தொழில் செய்பவரையும் தொகுப்பாளர் ஜான் டேலி 'மிஸ்டர்', 'மிஸ்' போட்டுத்தான் அழைப்பார். இன்றோ மேடையில் அழவைத்து, அந்தக் கண்ணீரை நெருக்கத்தில் காட்டுகிறார்கள். அந்த மரியாதை எங்கே போயிற்று?

மேலூர் வாத்தியார் எழுதியது:
அழவைப்பது இன்றா தொடங்கியது? 'குயின் ஃபார் எ டே' (ஒரு நாள் ராணி) நிகழ்ச்சி 1945இல் வானொலியில் தொடங்கி, 1956 முதல் 1964 வரை அமெரிக்கா முழுவதும் தொலைக்காட்சியில் வந்தது. பெண்கள் ஒவ்வொருவராக வந்து தம் வீட்டுத் துன்பத்தையும் தமக்கு வேண்டிய பொருளையும் தொகுப்பாளர் ஜாக் பெய்லியிடம் சொல்ல வேண்டும். பிறகு அரங்கம் கைதட்டும், அந்த ஓசையை ஒரு கருவி அளக்கும். யாருக்கு முள் அதிகம் ஏறுகிறதோ அவருக்குக் கிரீடம், சிவப்பு வெல்வெட் அங்கி, ரோஜாக்கள், கேட்ட பொருள். தோற்றவர்களுக்கும் சிறு பரிசுகள் உண்டு. ஆனால் 'உன் துயரம் போதாது' என்று ஊர் கூடித் தீர்ப்புச் சொன்ன பிறகு அந்தப் பெண் எந்த முகத்தோடு வீடு திரும்புவாள்? எனக்கு அதை நினைத்தாலே நெஞ்சு கொதிக்கிறது.

அகல்விளக்கு எழுதியது:
ஐயா, அந்த நிகழ்ச்சிக்காக நான் வாதாட மாட்டேன். ஆனால் 1956 பிப்ரவரியில் 'ஐவ் காட் எ சீக்ரெட்' என்ற, விருந்தினரின் ரகசியத்தைக் கண்டுபிடிக்கும் நிகழ்ச்சிக்கு வந்த சாமுவேல் சீமோரைப் பாருங்கள். வயது 95. 1865இல் வாஷிங்டனின் ஃபோர்ட் நாடக அரங்கில் அமெரிக்க அதிபர் லிங்கன் சுடப்பட்டபோது அங்கே இருந்த ஐந்து வயதுக் குழந்தை அவர். சுட்டவன் மேலிருந்து குதித்ததைப் பார்த்து, யாரோ பாவம் விழுந்துவிட்டார் என்றுதான் அந்தக் குழந்தை பதறியது. இந்த நினைவை நாடே கேட்டதே! சிகரெட் நிறுவனத்தின் விளம்பர ஆதரவில் நடந்த நிகழ்ச்சி அது. இவர் பைப் பிடிப்பவர் என்பதால் 80 டாலரோடு, சிகரெட்டுக்குப் பதிலாக ஒரு டப்பா பைப் புகையிலையும் தேடிக் கொடுத்தார்கள். எனக்கு அது அக்கறையாகத்தான் தெரிகிறது.

மேலூர் வாத்தியார் எழுதியது:
அதே காட்சியில் அவர் கண்ணுக்கு மேலிருந்த வீக்கத்தையும் கவனியுங்கள். நிகழ்ச்சிக்காக வந்து தங்கிய ஓட்டலில் படியில் விழுந்திருக்கிறார். அந்த நிலையில் ஒரு முதியவரை விளக்கொளியில் உட்காரவைக்கலாமா? ஏப்ரல் 12 அன்று இறந்தும்போனார்.

கயல் எழுதியது:
வாத்தியார் ஐயா, இறப்புக்கும் அதற்கும் முடிச்சுப் போடுவது நியாயமில்லை. வர வேண்டாம் என்று தயாரிப்பாளர்கள் வற்புறுத்தியதையும், முடிவை மருத்துவர் அவரிடமே விட்டதையும், அவர் வந்தே தீருவேன் என்றதையும் தொகுப்பாளர் கேரி மூர் அந்த மேடையிலேயே சொன்னார். ஆசைப்பட்டு வந்தவரைத் தடுத்து ஓட்டலில் படுக்கவைப்பதா மரியாதை?

மேலூர் வாத்தியார் எழுதியது:
சரி அம்மா, சீமோர் விஷயத்தில் என் வாதத்தை விட்டுவிடுகிறேன். கைத்தட்டல் முள் விஷயத்தில் விடமாட்டேன். சலவை இயந்திரம் இல்லாத வீட்டுக்காரி 'நானாகத்தான் வந்தேன்' என்று சொன்னாலும், அது சீமோரின் ஆசையைப் போன்றது ஆகாது.