செட் சாமான் தூக்கியவர் டிவி எழுத்தாளர் ஆன கதை தெரியுமா?

தங்கச்சிமடத்தான்: படகுத்துறையில் ஐஸ் உடைக்கிறேன், ராத்திரி நகைச்சுவை நாடகம் எழுதுவேன், 3 நோட்டு நிறைந்துவிட்டது. பிரிட்டனில் செட் சாமான் தூக்கியவர் ஒருவர் பெரிய டிவி எழுத்தாளர் ஆனாராமே, யார் அவர், எப்படி உள்ளே போனார்?

கீழக்கரை காக்கா: அவர் பெயர் ஜான் சல்லிவன், தம்பி. தெற்கு லண்டன்காரர், அப்பா பிளம்பர், 15 வயதில் பள்ளியை விட்டவர். அனுப்பிய ஸ்கிரிப்ட் எல்லாம் திரும்பி வந்தும் விடவில்லை, பிபிசியிலேயே செட் மாற்றும் வேலையில் சேர்ந்தார். அங்கே நடிகர் ரோனி பார்க்கரிடம் துணிந்து பேசி, அவருக்குக் குட்டிக் குட்டி நகைச்சுவைக் காட்சிகள் எழுதிக் கொடுத்தார். அப்புறம் 1977இல் ‘சிட்டிசன் ஸ்மித்’, 1981இல் ‘ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்சஸ்’ என்று டிவி தொடர்கள் எழுதினார்.

மண்டபம் முகாம்: அந்த இரண்டாவது தொடரை அவசியம் பார். தெருவில் சூட்கேஸைத் திறந்து வைத்து, போலீஸ் வருதா என்று ஒரு கண் பார்த்துக்கொண்டே சரக்கு விற்கிற அண்ணன், பக்கத்தில் தம்பி. முதல் சீசன் பெரிதாக ஓடவில்லை, மறு ஒளிபரப்பில்தான் பிடித்துக்கொண்டது. 1996 கிறிஸ்துமஸ் சமயத்தில் வந்த மூன்று பகுதிகளில் கடைசியை 2.4 கோடிப் பேர் பார்த்தார்கள். நாம் சிரித்துக்கொண்டிருக்கும்போதே சல்லிவன் தொண்டை அடைக்க வைப்பார், அதுதான் எனக்கு அவரிடம் ரொம்பப் பிடித்தது. சந்தை ஆட்களின் பேச்சை அப்படியே எழுதினார். உனக்கு மீன் ஏலக்கூடம் இருக்கிறதே தம்பி!

தங்கச்சிமடத்தான்: நன்றி காக்கா, நன்றி அண்ணே. கூடையைக் காலால் நகர்த்திக்கொண்டே விலை கேட்கும் ஒரு அக்கா இருக்கிறார், இன்றைக்கு அவரிலிருந்து தொடங்குகிறேன்.