டிராகன் ப்ரேக்கை நீங்க எந்த கேம்ல பார்த்தீங்க? அனுபவத்தை சொல்லுங்க

எல்டர் ஸ்க்ரோல்ஸ் வீடியோ கேம் வரிசையை விளையாடுறவங்க இங்க நிறைய பேர் இருக்கீங்க, அதான் கேக்குறேன். தெரியாதவங்களுக்கு சுருக்கமா சொல்லிடறேன். இந்த கேம்கள் நடக்குற தம்ரியல்ங்கற கண்டத்துல காலம்ங்கறதே ஒரு கடவுள்தான், பேரு அகாடோஷ், டிராகன் உருவம். அந்த டிராகன் முழுசா இருக்குற வரைக்கும் ஒண்ணு நடந்தா அதுக்கு நேர்மாறானது நடக்க முடியாது. டிராகன் உடைஞ்சிடுச்சுன்னா நடந்திருக்கக்கூடியது எல்லாமே நடந்துடும், ஒண்ணுக்கொண்ணு ஒத்துவராட்டியும் எல்லாமே உண்மை, அதுதான் டிராகன் ப்ரேக்.

எனக்கு இது உறைச்சது டாகர்ஃபால்ல. 1996ல வந்த கேம், 2009ல கம்பெனியே ஃப்ரீயா விட்டாங்க, அப்பதான் நான் இறக்கி விளையாடினேன். கடைசில நூமிடியம்னு ஒரு ராட்சச பித்தளை உருவத்தை ஆட்டிவைக்கிற பொருள் நம்ம கைக்கு வரும், அதை யார்கிட்ட குடுக்கறதுன்னு நாமதான் முடிவு பண்ணணும். பேரரசர் பக்கம் குடுக்கலாம், ஓர்க்ங்கற இனத்தோட தலைவன்கிட்ட குடுக்கலாம், மூணு ராஜ்யங்கள்ல ஒண்ணுக்கு குடுக்கலாம், சாக முடியாம கிடக்குற அண்டர்கிங்குக்கு குடுத்தா அவருக்கு நிம்மதியா சாவு கிடைக்கும், மன்னிமார்கோங்கற மந்திரவாதிக்கு குடுத்தா அவன் கடவுளாவான். நான் அண்டர்கிங்குக்கு குடுத்தேன், அந்தாளு பட்ட கஷ்டத்துக்கு அதுதான் நியாயம்னு பட்டுச்சு.

அடுத்த கேம் எடுக்கறப்போ இதுல எதை உண்மைன்னு வெச்சிருப்பாங்கன்னு யோசிச்சுட்டே இருந்தேன். எல்லாத்தையும் உண்மையாக்கிட்டாங்க! கதை நடக்குற வளைகுடால இருந்த நாப்பது சொச்சம் குட்டி ராஜ்யங்கள் ஒரே நேரத்துல நாலா சுருங்கிடுச்சு, அண்டர்கிங்கும் போய்ச் சேர்ந்தாரு, ஓர்க்குகளுக்கும் நாடு கிடைச்சுது. 2006ல வந்த ஆப்லிவியன்ல பார்த்தா மன்னிமார்கோ வானத்துல நிலாவாவும் இருக்கான், கீழ குகைல நம்மகூட சண்டை போடற சாதாரண ஆளாவும் இருக்கான். நான் குடுத்ததும் வீணாகல, எங்கேயோ வேற ஒருத்தர் குடுத்ததும் வீணாகல. விளையாடறவங்களுக்கு இவ்வளவு மரியாதை குடுத்த வேற கேமை நான் பார்த்ததில்ல.

*

அண்ணே, நீங்க சொல்றது டிராகன் உடையறது, நான் சொல்ல வர்றது நூல் அறுந்து போறது. மாரோவிண்ட் (2002). பால்மோரா ஊர்ல கேயஸ்னு ஒருத்தர் சட்டை இல்லாம உக்காந்திருப்பாரு, கதையே அவர் வழியாத்தான் ஓடணும். நான் என்ன நடக்குதுன்னு பார்க்கவே அவரை வேணும்னே போட்டுத்தள்ளினேன். உடனே ஸ்க்ரீன்ல ஒரு மெசேஜ் வருது, இவரோட சாவோட தீர்க்கதரிசனத்தோட நூல் அறுந்துடுச்சு, பழைய சேவ் ஃபைலை எடுத்து விதியோட நெசவை சரி பண்ணு, இல்லன்னா நீ உண்டாக்கின இந்த நாசமாப்போன உலகத்துலயே கெடன்னு. கேம் ஓவர்னு ஒரு வார்த்தை கூட இல்ல, விதி அறுந்த உலகமும் ஒரு உலகம்தான், இருந்துக்கோன்னு விட்டுடறாங்க. நான் சேவ் ஃபைலை எடுக்கல, அப்படியே இருந்தேன்.

இதுல அழகு என்னன்னா அந்த உலகத்துலயும் வழி இருக்கு. விவெக்குங்கற வாழுற கடவுளைக் கொன்னு அவர்கிட்ட இருக்குற, ட்வெமர்ங்கற மறைஞ்சு போன இனத்தோட கையுறையை எடுத்து, டெல் ஃபிர் கோபுரத்துக்கு அடில நோயாளிங்களோட அடைஞ்சு கிடக்குற யாக்ரம் பகார்ன்கிட்ட கொண்டு போகணும், அவன்தான் உயிரோட இருக்குற கடைசி ட்வெமர், உடம்பு ஊதிப்போய் இயந்திர சிலந்திக்கால் மேல உக்காந்திருப்பான். பழைய புத்தகமெல்லாம் தேடிக் குடுத்தா எப்படியோ ஒட்டுப்போட்டு வேலை செய்ய வெப்பான். ஆனா முதல் தடவை மாட்டுறப்போ உயிர் மடமடன்னு இறங்கும், திரும்ப ஏறாது, ஹெல்த் கம்மியா இருந்தா அங்கேயே செத்துடுவோம். தீர்க்கதரிசனம் கைவிட்ட ஆளு டகோத் ஊர்ங்கற கடைசி வில்லன் முன்னாடி போய் நிக்கணும்னா இந்த விலை குடுத்துத்தான் ஆகணும், எனக்கு அது ரொம்ப சரியா பட்டுச்சு.

*

மாரோவிண்ட்லயே ஒரு புத்தகம் கிடைக்கும், டிராகன் உடைஞ்சப்போ நீங்க எங்க இருந்தீங்கன்னு பல பேர்கிட்ட கேட்டு எழுதினது, கிட்டத்தட்ட நாம இங்க பண்றதேதான். 1008 வருஷம் உடைஞ்சு கிடந்துச்சாம். ஒவ்வொருத்தரும் வேற வேற மாதிரி சொல்லுவாங்க, எனக்கு அந்த காஜீத்து (பூனை மாதிரி இருக்குற இனம்) சொல்றதுதான் பிடிக்கும்: நீங்கெல்லாம் உங்க அப்பனையே பெத்துட்டு இருந்தப்போ நாங்க நிலாவைப் பார்த்து கணக்கு வெச்சிருந்தோம், அது மட்டும்தான் மாறாம இருந்துச்சுன்னு. அத்தனை வருஷத்தை யாருப்பா எண்ணினதுங்கற என் கேள்விக்கு அங்கதான் பதில் கிடைச்சுது.

*

நான் ஸ்கைரிம் மட்டும்தான் விளையாடிருக்கேன் ப்ரோ. இதுல முழு உடைப்பு இல்ல, ஒரு கிழிசல் இருக்கு. மலை உச்சில பார்த்தூர்னாக்ஸ்ங்கற டிராகன் உக்காந்திருக்குற இடத்துக்குப் பக்கத்துல காத்து கானல் மாதிரி நெளியும், அங்க நின்னு எல்டர் ஸ்க்ரோல்ங்கற மந்திரச் சுருளைப் பிரிச்சா பழைய காலத்துல மூணு வீரங்க ஆல்டுயின்ங்கற வில்லன் டிராகனோட சண்டை போடறது கண்ணு முன்னாடி ஓடும். ஜெயிக்க முடியலன்னதும் அவங்கள்ல ஒருத்தன் ஃபெல்டிர் ஸ்க்ரோலைப் படிச்சு அவனைக் காலத்துக்கு வெளிய தூக்கி எறியறான், அவன் நம்ம காலத்துல வந்து விழறான். அவனை அழிக்கல, பின்னாடி வரப்போற யாரோ ஒருத்தன் தலைல கட்டிட்டாங்க, அந்த யாரோ நான்தான்னு புரிஞ்சப்போ சிலிர்த்துடுச்சு.

ஸ்கைரிமோட கூடுதல் பாகமான டான்கார்ட்ல ஸ்க்ரோல் படிக்கத் தெரிஞ்ச டெக்ஸியன்னு ஒரு பெரியவர், அவசரத்துல சரியா தயாராகாம படிச்சதால கண்ணு போயிடும். கோபமே படாம துணியைக் கட்டிட்டு உக்காந்து, இனிமே நீதான் படிக்கணும்ங்கறாரு. எல்லா சாத்தியத்தையும் ஒரே நேரத்துல பார்த்தா மனுஷனுக்கு என்ன ஆகும்னு அவரை வெச்சு காட்டிட்டாங்க.

*

எல்லாருக்கும் நன்றி. ஸ்கைரிம் தம்பி, உங்க உள்நாட்டுப் போர்ல யாரு ஜெயிச்சாங்கங்கறதும் இதே கேள்விதான், ஸ்டார்ம்க்ளோக் கலகக்காரங்களா, பேரரசான்னு. ஆறாவது பாகத்தை 2018லயே அறிவிச்சுட்டாங்க. மறுபடியும் டிராகன் உடைஞ்சுதுன்னு சொல்லி ரெண்டையும் உண்மையாக்கலாம், ஆனா நான் அதை விரும்பல. டாகர்ஃபால்ல உடைஞ்சதுக்கு நூமிடியம்னு ஒரு காரணம் இருந்துச்சு. வின்ட்ஹெல்ம் கோட்டையையோ சாலிட்யூடையோ யாரு பிடிச்சாங்கங்கறதுக்கெல்லாம் காலம் உடைஞ்சா அப்புறம் அந்த உடைப்புக்கே மதிப்பு இல்லாம போயிடும். ஒரு பக்கம் ஜெயிச்சுதுன்னு நேரா சொல்லட்டும், அது நான் சண்டை போட்ட பக்கமா இல்லன்னாலும் ஏத்துக்கறேன்.