40 லட்சம் வீட்டுக் கடன்: கடைசியில் மொத்தம் எவ்வளவு கட்டுவோம்?

வாடகைவாசி: 8.5 சதவீத வட்டியில் 40 லட்சம் தருவதாக வங்கியில் சொல்கிறார்கள். 20 வருடம் என்றால் மாதத் தவணை 34,700 சொச்சம், 30 வருடம் என்றால் 30,750. நாலாயிரம் மிச்சமாகிறதே, 30 வருடமே போட்டுவிடலாமா?

கணக்குப்புலி: அந்த நாலாயிரத்தைப் பார்த்து ஏமாறாதீங்க. 20 வருடத்தில் வட்டி மட்டும் 43 லட்சம், 30 வருடம் என்றால் 70 லட்சத்தைத் தாண்டிவிடும். 20 வருடக் கடனிலேயே முதல் தவணையில் 28,333 ரூபாய் வட்டிக்குப் போய் அசலில் 6,400 கூடக் கழியாது, ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டிய பிறகும் பாக்கி 35 லட்சத்துக்கு மேல் நிற்கும்.

மடிப்பாக்கம்காரன்: மாறும் வட்டி வேறு இருக்கிறது. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குத் தரும் கடனுக்கான வட்டி, 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆனது, அதோடு நம் கடன் வட்டியும் ஏறியது. என் தவணை ஒரு ரூபாய்கூட ஏறவில்லை என்று நிம்மதியாக இருந்தேன், ஸ்டேட்மென்ட் எடுத்துப் பார்த்தால் கடன் காலத்தை இழுத்து விட்டிருக்கிறார்கள்.

வாடகைவாசி: அப்போ இடையில் கூடுதலாகக் கட்டினால் அபராதம் போடுவார்களா?

கணக்குப்புலி: தனிநபர் பெயரில் மாறும் வட்டிக் கடன் என்றால் போடக்கூடாது, ரிசர்வ் வங்கி விதி. போனஸ் வரும்போது வருடம் ஒரு தவணை சேர்த்துக் கட்டுங்க, 20 வருடக் கடன் மூன்று வருடத்துக்கு மேல் முன்னாடியே முடியும். ஆனால் தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுங்க.