டம்பிள்வீட்ஸ்: அந்த ஓட்டத்தைப் பார்த்தவர்கள் சொல்லுங்கள்

மழைக்காகம்:
டம்பிள்வீட்ஸ் 1925-இல் வந்த அமெரிக்க மௌனப் படம். நிலம் பிடிக்கக் குடியேறிகள் ஓடும் ஓட்டம்தான் அதன் உச்சம். ஆனால் என்னைத் தூங்கவிடாதது ஒரு குரல். 1939-இல் மறுபடி வெளியிட்டபோது படத்தின் நாயகன் வில்லியம் எஸ். ஹார்ட் தோன்றிப் பேசும் முன்னுரையைச் சொல்கிறேன். 74 வயது. முகத்தில் அறையும் காற்றையும் துரத்திவரும் குளம்பொலியையும் சொல்லும்போது தொண்டை அடைக்கிறது. அவர் குரலை முதன்முதலில் கேட்டதே அவர் விடைபெறும்போதுதான்.

திண்ணைவாசி:
அந்த முன்னுரை எனக்குக் கொஞ்சம் மிகை. மேடையில் ஷேக்ஸ்பியர் நடித்தவர், வேறெப்படிப் பேசுவார்? என்னைப் பிடித்தது ஓட்டத்தைத் தொடங்கிவைக்கும் நண்பகல் பீரங்கி. அதுவரை கோட்டருகே அடங்கி நின்ற கூட்டம் ஒரே மூச்சில் பாய்ந்தது. என் தட்டில் தோசை ஆறிப்போனது.

பார்க்கப்போகிறவர்களுக்கு ஒன்று. அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள். நொடிக்கு 24 ஃபிரேம் என்ற கணக்கு பேசும் படத்தோடுதான் நிலைத்தது. அதைவிட மெதுவாகச் சுற்றியதை அந்த வேகத்தில் ஓட்டி ஆட்கள் வாத்துபோல் நடந்தால் படத்தைத் திட்டாதீர்கள், ஓட்டும் வேகத்தைக் குறையுங்கள். கைப்பேசியின் சின்னத் திரையில் பார்க்கவே வேண்டாம். ஹார்ட் தனியாகக் குதிரையில் பறக்கும் இடத்தில் வெட்டவெளிதான் பாதிப் படம். இரைச்சலான பின்னணி இசை இருந்தால் அணைத்துவிடுங்கள்.

கரிசல்காட்டான்:
வேகத்தை யார் கேட்டார்கள்? படத்தில் வரும் ஓட்டத்துக்காக 1893 செப்டம்பர் 16 அன்று குடியேறிகளுக்குத் திறந்துவிட்டது செரோக்கி என்ற பூர்வகுடி மக்களின் நிலம். அமெரிக்க அரசு நெருக்கி விற்கவைத்தது. ஒரு லட்சம் பேருக்கு மேல் ஓடினார்கள், எல்லோருக்கும் பட்டா கிடைக்கவில்லை. படத்தில் நாயகனையே கெடுவுக்கு முன் புகுந்தவன் என்று அடைத்துவைக்கிறார்கள். சிதறிய மாடுகளை ஓட்டிவரப் போனவன் அவன்! அங்கே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அந்த மண்ணில் எல்லோருக்கும் முன்னால் இருந்தவர்கள் யார்? படத்தின் கண்ணீரெல்லாம் மேய்ச்சல் நிலத்தை இழக்கும் மாட்டுக்காரர்களுக்கே. மழைக்காகம், அந்தக் குரலில் நீங்கள் உருகியதும் அதனால்தான்.

மழைக்காகம்:
உருகினேன்தான். மறுக்கவில்லை. செரோக்கி பற்றி நீங்கள் சொன்னதையும் மறுக்கவில்லை.

தூரதேசி:
நான் கலிபோர்னியாவில் இருக்கிறேன். அந்த முன்னுரையை நியூஹாலில் ஹார்டின் பண்ணையில் எடுத்தார்கள். இப்போது அது பொதுப் பூங்கா. பின்னால் தெரியும் மேட்டைத் தேடிக்கொண்டு வெயிலில் ஏறினேன். எல்லா மேடும் ஒன்றுபோலவே இருந்தது. கீழே வேலிக்குள் காட்டெருமைகள். ஒன்று என்னைப் பார்த்தபடியே அசைபோட்டது, பிறகு புழுதியில் புரண்டு எழுந்து முதுகைக் காட்டிக்கொண்டு நின்றது.